பண்ணையத்திலிருந்து பனியன் கம்பெனிக்கு

ஐம்பது ஆண்டுகளுக்கு முன் கொங்குநாட்டுக் கிராமத்தில் பண்ணையாளாக இருந்தவர் தோட்டம் மாற நினைத்தால், வாங்கியிருந்த கடனை முதலில் அடைக்க வேண்டும். மகள் கல்யாணத்துக்கோ மனைவியின் வைத்தியத்துக்கோ வாங்கிய பணம் அது. வருசக் கூலியில் அது கழியாது. அதனால் புதிய பண்ணையக்காரர் பழையவருக்கு அந்தக் கடனைக் கட்டி ஆளைக் கூட்டிக்கொண்டு போவார். தோட்டம் மாறும், கடன் அப்படியே இருக்கும். இப்படிக் கட்டுண்டு கிடந்தவை பெரும்பாலும் அருந்ததியர் குடும்பங்கள். விடியுமுன் கட்டுத்தரைச் சாணி அள்ளுவதில் தொடங்கும் வேலைக்கு முடியும் நேரம் என்று ஒன்று கிடையாது. பள்ளிக்கூடம் போக வேண்டிய வயதில் பையன்கள் ஆடு மேய்க்கப் போனார்கள்.

இன்று அதே ஊர்களில் காலையில் கம்பெனி வேன் வந்து நிற்கிறது. பண்ணையாளின் பேத்தி சாப்பாட்டுப் பாத்திரத்தோடு ஏறிக்கொள்கிறாள். சனிக்கிழமையானால் கையில் சம்பளம். அந்தப் பணத்தை என்ன செய்வது என்று வீட்டில் பேசும்போது அவள் பேச்சும் எடுபடுகிறது. தோட்டத்துக்காரர்கள் ஆள் கிடைக்கவில்லை என்று குறைப்படுகிறார்கள்.

முதலாளித்துவம் நல்லதா கெட்டதா என்ற வாதம் வரும்போதெல்லாம் என் மனம் திருப்பூருக்குத்தான் போகிறது. நூறு ஆண்டுக்குள் ஒரு சின்னப் பஞ்சுச் சந்தை ஊர், உலகத்துக்கே உடுப்பு தைத்து அனுப்பும் நகரமானது. அந்தப் பொருளாதார ஏற்பாடு மனிதருக்குச் செய்யக்கூடிய நன்மையும் தீமையும் அங்கே ஒரே தலைமுறையில், ஒரே ஆற்றங்கரையில் நடந்து முடிந்திருக்கின்றன.

நன்மையை முதலில் சொல்லிவிடுகிறேன். அதைச் சிறிதாக்கிக் காட்டுவது அந்தப் பேத்திக்குச் செய்யும் அநியாயம்.

பிரிட்டனின் பொருளாதார அறிஞர் ஜூடித் ஹேயர் 1981-82இல் கோவை மாவட்டக் கிராமங்கள் சிலவற்றில் வீடு வீடாகக் கணக்கெடுத்தார். 1996இலும் 2008-09இலும் அதே கிராமங்களுக்குத் திரும்பி வந்தார். முதல்முறை பார்த்த பண்ணையாள் முறை கடைசி வருகையின்போது ஏறக்குறைய அற்றுப்போயிருந்தது. சட்டம் ஒருபுறம் இருக்கட்டும். கொத்தடிமை முறையை ஒழிக்கும் சட்டம் 1976லேயே வந்துவிட்டது. ஊருக்குள் அது வந்து சேரப் பல ஆண்டு பிடித்தது. பண்ணையாளின் மகன் பஸ் ஏறிப் போய்ச் சேர வேறொரு வேலை இருந்ததுதான் கட்டை அவிழ்த்தது. பனியன் கம்பெனிக்காரர்கள் சாதியை ஒழிக்கப் புறப்பட்டவர்கள் அல்லர். அவர்களுக்கு ஆள் தேவைப்பட்டது, வந்தவருக்குக் கூலி கொடுத்தார்கள். எவருடைய நல்லெண்ணத்தையும் எதிர்பார்க்காமல் நன்மை விளைய முடியும் என்பதே சந்தையின் பெரிய பலம். முதலாளித்துவத்தின் கடும் எதிரியான மார்க்ஸும்கூடப் பழைய நிலவுடைமைத் தளைகளை அறுத்ததில் அதற்குள்ள பங்கை 1848இன் கம்யூனிஸ்ட் அறிக்கையில் ஒத்துக்கொண்டார்.

ஆனால் பஸ் ஏறும் துணிவு சும்மா வந்துவிடவில்லை. நியாயவிலைக் கடை அரிசியும் பள்ளிச் சத்துணவும் இல்லாதிருந்தால், பண்ணையக்காரரிடம் ‘நாளையிலிருந்து வரலீங்க’ என்று சொல்ல எத்தனை பேருக்கு முடிந்திருக்கும்? இரண்டு வேளைச் சோற்றுக்கு வழி இருக்கிறவர்தான் ஒரு வேலையை மறுக்க முடியும். அரசு போட்ட அந்த அடித்தளத்தின்மேல்தான் சந்தை தன் வேலையைச் செய்தது. இதை மறந்துவிட்டுத் திருப்பூரைத் தனியார் முயற்சியின் வெற்றி என்று மட்டும் கொண்டாடுகிறவர்களோடு எனக்கு உடன்பாடில்லை.

அந்த ஊரின் தொடக்கம் எளிமையானது. 1920களில் கையால் சுற்றும் பின்னல் இயந்திரங்களோடு வெள்ளைப் பனியன் பின்னத் தொடங்கினார்கள். ஐம்பதுகளிலும் அறுபதுகளிலும் சுற்றுப்புற மேட்டாங்காட்டிலிருந்து, மழை பொய்த்த ஆண்டுகளில், சிறு கவுண்டர் குடும்பங்களின் பிள்ளைகள் கம்பெனிகளில் எடுபிடி வேலைக்கு வந்தார்கள். துணி மடித்தார்கள், இயந்திரத்துக்கு எண்ணெய் விட்டார்கள், தைத்தார்கள், பிறகு நான்கைந்து பேர் கூட்டுச் சேர்ந்து இரண்டு இயந்திரம் வாங்கினார்கள். தொண்ணூறுகளில் இங்கே தங்கி ஆராய்ந்த சரத் சாரி, 2004இல் வெளியான ‘ஃப்ரேட்டர்னல் கேப்பிடல்’ என்ற நூலில் இந்தத் தொழிலாளி-முதலாளிகளைத்தான் விரிவாக எழுதினார். அப்போதைய முதலாளிகளில் பலர் தாங்களே ஒரு காலத்தில் மெஷினில் உட்கார்ந்தவர்கள். தையல் பிசகினால் தாமே உட்கார்ந்து தைத்துக் காட்டுவார்கள். பரம்பரைச் சொத்தோ கல்லூரிப் படிப்போ இல்லாமல் உழைப்பை மட்டுமே முதலாகப் போட்டு ஒருவர் மேலே வர முடியும் என்ற வாக்குறுதி, அங்கே கொஞ்ச காலம் உண்மையாகவே இருந்தது.

தொழில் அமைந்த விதமும் அதற்கு வாட்டமாக இருந்தது. நூலை வாங்குபவர் ஒருவர், நிட்டிங் ஓட்டுபவர் இன்னொருவர். சாயம் ஏற்ற ஒரு பட்டறை, பிரிண்டிங்குக்கு வேறொன்று. கட்டிங், தையல், செக்கிங், அயர்ன், பேக்கிங் என்று ஒவ்வொன்றுக்கும் தனித்தனி ஜாப் ஒர்க் ஆள் உண்டு. முழு ஆலை கட்ட வசதியில்லாதவரும் ஒரு படியில் கால் ஊன்றிக்கொள்ளலாம். 1978வாக்கில் இத்தாலியிலிருந்து வெரோனா என்ற வணிகர் வந்து வெள்ளை டி-சர்ட் கேட்டதிலிருந்து ஏற்றுமதிக் கதை தொடங்குகிறது. எண்பதுகளின் நடுவில் ஆண்டுக்குப் பத்துப் பதினைந்து கோடி ரூபாய் அளவில் இருந்த ஏற்றுமதி, 2024-25இல் ஏறத்தாழ 40,000 கோடியைத் தொட்டது என்கிறார்கள் ஏற்றுமதியாளர்கள். நாட்டின் பின்னலாடை ஏற்றுமதியில் பாதிக்கு மேல் இந்த ஒரு ஊரிலிருந்து போகிறது.

இந்த வளர்ச்சிக்குக் கடன் கொடுத்தது யார்? முதலில் வங்கியல்ல, உறவும் சாதியும்தான். மாமன் கொடுத்தார், பங்காளி கொடுத்தார், நிலத்தை விற்ற பணம் சொந்தக்காரர் கம்பெனிக்குப் போனது. எழுத்து இல்லாமல் வாய்ச்சொல்லில் லட்சக்கணக்கில் பணம் புரண்டது. அந்த நம்பிக்கையை நான் மதிக்கிறேன். ஆனால் அதற்கு ஒரு வேலியும் இருந்தது. பின்னாளில் நோபல் பரிசு பெற்ற அபிஜித் பானர்ஜியும் கைவன் முன்ஷியும் திருப்பூர் ஏற்றுமதி நிறுவனங்களை ஆராய்ந்து 2004இல் வெளியிட்ட கட்டுரை அந்த வேலியைக் காட்டியது. உள்ளூர்ச் சமூகத்தார் அதிக முதலோடு தொழில் தொடங்கினார்கள். வெளியார் குறைந்த முதலோடு தொடங்கி, சில ஆண்டுகளில் உற்பத்தியில் அவர்களை முந்தினார்கள். அதாவது பணம் திறமை இருக்கும் இடத்துக்குப் போகவில்லை, சொந்தம் இருக்கும் இடத்துக்குப் போனது. பண்ணையாளின் மகனுக்குத் தையல் மெஷினில் இடம் கிடைத்தது. மெஷின் வாங்க மாமன் வீட்டுப் பணம் கிடைக்கவில்லை. திருப்பூர் முதலாளிகளின் பட்டியலில் இன்றும் தலித் பெயர்கள் அரிது. உழைத்தால் மேலே வரலாம் என்ற வாக்குறுதி இந்த வாசலில் நின்றுபோனது.

இனி நொய்யல்.

வெள்ளியங்கிரி மலையில் பிறந்து, கோவையையும் திருப்பூரையும் கடந்து, கரூர் மாவட்டத்தில் காவிரியில் சேரும் ஆறு அது. வெள்ளைப் பனியன் காலத்தில் திருப்பூரில் சலவைப் பட்டறைகளே முக்கியம். வெளிநாட்டார் வண்ணம் கேட்கத் தொடங்கிய எண்பதுகளில் சாயப்பட்டறைகள் ஆற்றின் இரு கரையிலும் பெருகின. பருத்தித் துணியில் சாயம் பிடிக்க ஏராளமான உப்பு வேண்டும். துணி சாயத்தை எடுத்துக்கொள்ளும், உப்பு முழுவதும் தண்ணீரோடு வெளியே போகும். ஆறு ஒரு நாள் சிவப்பாகவும் மறுநாள் நீலமாகவும் ஓடியதைத் திருப்பூர்க்காரர் யாரைக் கேட்டாலும் சொல்வார். ஆனால் விவசாயியைக் கொன்றது நிறமல்ல, கண்ணுக்குத் தெரியாத உப்பு. அது கிணற்றில் இறங்கியது, மண்ணில் தங்கியது, தென்னையைக் கருக்கியது. மாடு வாய் வைக்காத தண்ணீரை வைத்துக்கொண்டு எந்த வெள்ளாமை செய்வது?

கீழ்ப்பகுதி விவசாயத்துக்கென்று ஒரத்துப்பாளையத்தில் நொய்யலின் குறுக்கே ஓர் அணையை அரசு 1992இல் கட்டி முடித்தது. சில ஆண்டுகளிலேயே அது சாயக்கழிவுத் தொட்டியாகிவிட்டது. அணையில் தண்ணீரைத் தேக்காதீர்கள் என்று அணையின் பாசன விவசாயிகளே மன்றாடினார்கள். நீர்ப்பாசனத்தின் வரலாற்றில் இதைவிடத் துயரமான கோரிக்கை ஒன்றை நான் அறியேன்.

சாயப்பட்டறைக்காரர்களை அரக்கர்களாகக் காட்டுவதில் எனக்கு விருப்பமில்லை. அவர்களில் பலர் அதே நொய்யல் படுகையின் விவசாயக் குடும்பத்துப் பிள்ளைகள். தங்கள் கிணற்றுத் தண்ணீரை லாரியில் பட்டறைகளுக்கு விற்ற விவசாயிகளும் இருந்தார்கள். கோளாறு மனிதர்களின் குணத்தைவிட ஆழமானது. ஒரு கிலோ துணிக்குச் சாயம் ஏற்றும் விலையில் நூறு செலவுகள் சேர்ந்திருந்தன; உப்பான கிணற்றின் விலை மட்டும் அதில் இல்லை. தண்ணீரைச் சுத்திகரிக்க நினைத்த நல்லவர் இருந்திருந்தால், அவருடைய கிலோ விலை பக்கத்துப் பட்டறையைவிடக் கூடியிருக்கும், ஆர்டர் பக்கத்துப் பட்டறைக்குப் போயிருக்கும். நல்லெண்ணம் இல்லாமலே நன்மை விளைவித்த அதே சந்தை, இங்கே நல்லெண்ணம் உள்ளவரையும் தண்டித்தது. பண்ணையாளுக்கு விடுதலை தந்த பலமும் நொய்யலைக் கொன்ற பலவீனமும் ஒரே குணத்திலிருந்து பிறந்தவை. விலை போட்ட கணக்கை மட்டுமே சந்தை பார்க்கும்.

ஆற்றுக்கு விலை போட்டது யார்? விவசாயிகள். முதலில் கரூர்ப் பகுதி விவசாயிகள் 1996இல் நீதிமன்றம் போனார்கள். சுத்திகரிப்பு நிலையம் கட்டுங்கள் என்று 1998இல் சென்னை உயர்நீதிமன்றம் சொன்னது. பொதுச் சுத்திகரிப்பு நிலையங்கள் கட்டப்பட்டன. நிறம் குறைந்தது, உப்பு குறையவில்லை. பிறகு நொய்யல் ஆயக்கட்டுதாரர்கள் சங்கம் வழக்கைத் தொடர்ந்தது. 2006 டிசம்பரில் உயர்நீதிமன்றம் கழிவுநீர் ஒரு சொட்டும் வெளியேறக் கூடாது என்று கெடு விதித்தது. அதுவரை வெளியேறும் கழிவுக்கு லிட்டருக்கு 6 பைசாவில் தொடங்கிப் படிப்படியாக ஏறும் அபராதமும் போட்டது. சாயப்பட்டறையின் கணக்கேட்டில் ஆறு ஒரு செலவாக ஏறியது அன்றுதான். உச்ச நீதிமன்றம் 2009இல் அதை உறுதி செய்தது. அப்போதும் நடக்கவில்லை. 2011 ஜனவரி 28 அன்று, உயர்நீதிமன்றம் 700க்கும் மேற்பட்ட சாய, சலவைப் பட்டறைகளை மூடச் சொன்னது.

ஊர் முடங்கியது. வேலையிழந்தவர்கள் சொந்த ஊருக்குப் பஸ் ஏறினார்கள். சாயவேலை வேறு மாவட்டங்களுக்கும் வேறு மாநிலங்களுக்கும் ஓடியது; சில இடங்களில் கள்ளப் பட்டறைகள் முளைத்து அந்த ஊர்க் கிணறுகளையும் கெடுத்தன. திருப்பூர் இனி அவ்வளவுதான் என்று பலர் எழுதினார்கள்.

ஆனால் அதற்குப் பின் நடந்ததும் முதலாளித்துவத்தின் கதைதான். வேறு வழியில்லை என்றானபோது அதே முதலாளிகள் வழி கண்டுபிடித்தார்கள். கழிவுநீரை எதிர்ச்சவ்வூடு பரவல் முறையில் வடிகட்டி, எஞ்சியதைக் கொதிக்கவைத்து ஆவியாக்கி, நீரை மீட்டார்கள். உப்புக் கரைசலையும் மீட்டு மறுபடி சாயத்தொட்டிக்கே அனுப்பும் முறையைப் பழகினார்கள். வீணாக ஆற்றில் போன உப்புக்கும் காசு இருப்பது அப்போதுதான் தெரிந்தது. இவ்வளவு பெரிய சாயத்தொழில் மையம் கழிவுநீரை வெளியே விடாமல் இயங்குவது உலகிலேயே அரிது. இன்று ஐரோப்பிய வாடிக்கையாளரிடம் அதையே தங்கள் தகுதியாக எடுத்துச் சொல்கிறார்கள். பாதி வருத்தத்தோடு இதையும் சொல்ல வேண்டும்: சுத்திகரிப்பு நிலையங்களைச் சீர்செய்யத் தமிழக அரசு 200 கோடி ரூபாய் வட்டியில்லாக் கடன் கொடுத்தது. லாபம் தனியாருக்குப் போன காலத்தின் கடனில் ஒரு பகுதியைப் பொதுப்பணம் சுமந்தது. கெட்ட கிணறுகள் இன்னும் முழுதாகத் தேறவில்லை. மழை பெய்யும் இரவுகளில் கழிவைத் திறந்துவிடுவதாகப் புகார் இன்றும் வருகிறது.

கூலியின் கதையும் இதே பாதைதான். 1984இல் பஞ்சப்படி கேட்டுத் தொழிலாளர்கள் 127 நாள் வேலைநிறுத்தம் செய்தார்கள். நான்கு மாதம் அடுப்பெரிய வழியில்லாமல் குடும்பங்கள் தாக்குப்பிடித்த போராட்டம் அது. பஞ்சப்படி கிடைத்தது. நிறுவனங்களின் சங்கங்களும் தொழிற்சங்கங்களும் உட்கார்ந்து பேசி, சில ஆண்டுக்கொருமுறை ஊர் முழுக்கப் பொதுவான சம்பள ஒப்பந்தம் போடும் வழக்கம் இன்றும் உள்ளது. டெய்லர், கட்டிங், அயர்ன், செக்கிங், கைமடித்தல் என்று ஒவ்வொரு வேலைக்கும் ஷிப்ட் கூலி அதில் எழுதியிருக்கும். இந்தியாவின் பல தொழில் நகரங்களுக்கு இந்த வழக்கமே கிடையாது. ஆனால் வேலைநிறுத்தத்துக்குப் பின் கம்பெனிகளைச் சின்னச் சின்னதாகப் பிரிப்பதும், வேலையைக் கான்ட்ராக்டரிடம் விடுவதும், பீஸ் ரேட்டுக்கு மாறுவதும் வேகமெடுத்தன. ஒப்பந்தம் ஓரிடத்தில் இருக்கிறது, தொழிலாளி வேறொரு கான்ட்ராக்டரின் கீழ் இருக்கிறார். எட்டு மணி ஒரு ஷிப்ட். அதோடு நான்கு மணி சேர்த்து ‘ஒன்றரை ஷிப்ட்’ என்று சாதாரணமாகச் சொல்கிறார்கள். பன்னிரண்டு மணி நேரம் உழைத்தால்தான் குடும்பம் நடக்கும் என்பதை ஒரு ஊரே இயல்பாக எடுத்துக்கொண்டிருக்கிறது.

தொண்ணூறுகளில் பத்துப் பன்னிரண்டு வயதுக் குழந்தைகள் கைமடிக்கவும் நூல் பிசிறு வெட்டவும் கம்பெனிகளில் நின்றார்கள். ஆடு மேய்த்த பண்ணையாளின் மகனுக்கும் இவர்களுக்கும் என்ன வேறுபாடு? அமைப்புகள் குரல் கொடுத்தபோதும், வெளிநாட்டு நிறுவனங்கள் தங்கள் பெயர் கெடுமென்று அஞ்சியபோதும், பள்ளிகள் பக்கத்திலேயே வந்தபோதும் அது பெருமளவு ஒழிந்தது. நூற்பாலைகளில் சுரண்டல் வேறு வடிவம் எடுத்தது. மூன்றாண்டு வேலை முடித்தால் கல்யாணத்துக்கு மொத்தமாகப் பணம் என்று சொல்லி, தென்மாவட்ட ஏழைப் பெண்களை விடுதியில் அடைத்து வேலை வாங்கிய சுமங்கலித் திட்டத்தை, 2011இல் வெளியான நெதர்லாந்து ஆய்வு உலகுக்குக் காட்டியது. 2021 ஜனவரியில் திண்டுக்கல் பகுதியில் ஓர் ஆயத்த ஆடை ஆலையில் வேலை செய்த இருபது வயதுத் தலித் பெண் கொல்லப்பட்டார். அவருடைய மேற்பார்வையாளர்மேல் கொலை வழக்கு. அந்தத் துயரத்திலிருந்து பெண்கள் தலைமையேற்ற தமிழ்நாடு ஜவுளி மற்றும் பொதுத் தொழிலாளர் சங்கம் போராடி, 2022 ஏப்ரலில் ஆலை நிறுவனத்தையும் அதனிடம் வாங்கும் வெளிநாட்டு நிறுவனத்தையும் சட்டப்படி கட்டுப்படுத்தும் திண்டுக்கல் ஒப்பந்தத்தைப் பெற்றது. பாலியல் தொல்லை பற்றிப் புகார் செய்பவருக்கு வேலை போகாது, தவறினால் வியாபாரம் போகும். அறிவுரையாக இல்லாமல், பணத்தோடு கட்டிய விதி என்பதால்தான் அது வேலை செய்தது.

இன்றைய திருப்பூரில் மெஷினில் உட்கார்ந்திருப்பவர் பல இடங்களில் பீகாரிலிருந்தோ ஒடிசாவிலிருந்தோ வந்தவர். அவருடைய ஊரிலும் ஒரு பண்ணையக்காரர் இருக்கிறார், அவரும் ஒரு கடனிலிருந்து தப்பித்துத்தான் ரயில் ஏறியிருக்கிறார். முன்னொரு காலத்தில் நம் அருந்ததிய இளைஞருக்குத் திறந்த கதவு இப்போது அவருக்குத் திறந்திருக்கிறது. 2023 மார்ச்சில் வடமாநிலத்தவர் தாக்கப்படுவதாகப் பொய்க் காணொளிகள் பரவியபோது எத்தனை பேர் பயந்து ஊர் திரும்பினார்கள், அவர்கள் இல்லாமல் தொழில் எப்படித் தள்ளாடியது என்பதை ஊரே பார்த்தது. ஆனால் அவருக்கு இங்கே மாமன் இல்லை, சங்கத்தில் பேச மொழி இல்லை. சம்பள ஒப்பந்தத்தில் தன் வேலைக்கு என்ன கூலி எழுதியிருக்கிறது என்று அவருக்குச் சொல்பவர்கள் மிகக் குறைவு.

இன்னொரு பக்கம், விலையைத் தீர்மானிப்பவர் திருப்பூரில் இல்லை. நல்ல கூலி கொடு, நீரைக் கெடுக்காதே என்று நிபந்தனைப் பத்திரம் நீட்டும் அதே வெளிநாட்டு நிறுவனம், அடுத்த பருவத்துக்கு ஒரு டி-சர்ட்டுக்குச் சில சென்ட் குறைக்கச் சொல்கிறது. 2020இல் கொரோனா வந்தபோது தைத்து முடித்த சரக்கையே வேண்டாமென்று பல பெரிய நிறுவனங்கள் உலகெங்கும் கைவிரித்தன. 2025 ஆகஸ்டில் அமெரிக்கா இந்தியப் பொருள்கள்மேல் வரியை 50 சதவீதமாக உயர்த்தியபோது, ஏற்றுமதியில் மூன்றில் ஒரு பங்கு அளவு அந்நாட்டையே நம்பியிருந்த ஊர் நடுங்கியது. வாங்குபவர் தள்ளுபடி கேட்டார், ஏற்றுமதியாளர் ஜாப் ஒர்க் விலையைக் குறைத்தார், கான்ட்ராக்டர் ஷிப்ட்டைக் குறைத்தார். சங்கிலியின் கடைசியில் இருப்பவருக்குக் குறைக்க எதுவும் இல்லை, தன் வயிற்றைத் தவிர.

என் தீர்ப்பு இதுதான். திருப்பூர்ச் சந்தை பிறப்பைவிட உழைப்பை மதித்தது. அந்த மதிப்பை வேறு எந்த ஏற்பாடும் அந்த ஊர் ஏழைக்கு அவ்வளவு வேகமாகத் தரவில்லை. ஆனால் தண்ணீரையோ குழந்தையையோ பெண்ணின் பாதுகாப்பையோ அது ஒருமுறைகூடத் தானாகக் கணக்கில் சேர்த்ததில்லை. விவசாயி, நீதிமன்றம், தொழிற்சங்கம் என்று வெளியிலிருந்து யாரோ ஒருவர் சேர்க்கவைத்தார்கள். சேர்த்த பிறகு தொழில் அழியவில்லை, முன்னைவிடப் பெரிதாகத்தான் வளர்ந்தது. ஆகவே ‘கட்டுப்பாடு போட்டால் தொழில் போய்விடும்’ என்று அடுத்தமுறை யாராவது சொன்னால் நொய்யலைக் காட்டுங்கள்.

திருப்பூர் நிறுவனச் சங்கத் தலைவர்களிடமும் தொழிற்சங்கத் தோழர்களிடமும் ஒரு வேண்டுகோள். அடுத்த சம்பள ஒப்பந்தம் கையெழுத்தானதும் அதை இந்தியிலும் ஒடியாவிலும் வங்க மொழியிலும் அச்சிட்டு, ஒவ்வொரு கம்பெனி வாசலிலும், ஒவ்வொரு கான்ட்ராக்டர் அறையிலும், தொழிலாளர் தங்கும் ஒவ்வொரு லைன் வீட்டுச் சுவரிலும் ஒட்டுங்கள். அதற்கு ஆகும் செலவு மிகச் சொற்பம்.